துகள்

எங்கள் கூடத்து ஓடுகளுக்கு நடுவே ஒரு கண்ணாடி ஓடு உண்டு. பிற்பகல் மூன்று மணி வாக்கில் அதன் வழியாக வெயில் சாய்ந்து இறங்கி, புத்தக அலமாரியின் மேல்தட்டில் விழும். அரை மணி நேரம் இருக்கும். பிறகு சுவரேறிப் போய்விடும்.

இன்று அந்த நேரத்தில் மேல்தட்டிலிருந்து ஒரு புத்தகத்தை உருவினேன். இரண்டு வருடத் தூசு. ஊதியதும் வெயிலுக்குள் போய்ப் பொன்னாக மின்னியது. வெயிலின் ஓரத்தைத் தாண்டியதும் காணவில்லை.

கையில் இருந்தது ஃபிலிப் புல்மனின் 'நார்தர்ன் லைட்ஸ்', 1995-இல் வந்த நாவல். தூசைப் பற்றிய நாவலை எடுக்கும்போது தூசு பறந்தது தற்செயல்தான். ஆனாலும் ரேஷன் கடைக்குப் போகும் வேலையை நாளைக்குத் தள்ளிவைத்துவிட்டு உட்கார்ந்துவிட்டேன்.

*

கதை நடக்கும் உலகம் நம்முடையதைப் போலவே இருக்கும், ஆனால் வேறு. அங்கும் ஆக்ஸ்போர்டு உண்டு. அதில் நம் ஆக்ஸ்போர்டில் இல்லாத ஜோர்டன் கல்லூரி உண்டு. ஒவ்வொரு மனிதரின் உயிரும் ஒரு விலங்கின் உருவில் உடலுக்கு வெளியே கூடவே நடக்கிறது. அதற்கு டீமன் என்று பெயர். குழந்தைகளின் டீமன் நினைத்தபடி உருமாறும்: ஒரு நேரம் அந்துப்பூச்சி, ஒரு நேரம் காட்டுப்பூனை. குழந்தை வயதுக்கு வந்ததும் ஏதாவது ஓர் உருவில் நின்றுவிடும்.

லைரா என்ற சிறுமி, தான் நுழையக்கூடாத ஓர் அறையின் துணி அலமாரிக்குள் ஒளிந்திருக்கிறாள். வடக்கே பனிநாட்டில் எடுத்த படங்களை அஸ்ரியல் பிரபு கல்லூரி அறிஞர்களுக்கு விளக்கு வைத்துத் திரையில் காட்டுகிறார். முதல் படம் வழக்கமான வெள்ளி நைட்ரேட் பூச்சில் எடுத்தது. நிலவு, பனி, ஒரு குடிசை, கையை உயர்த்தி நிற்கும் ஓர் ஆள். இரண்டாவது படமும் அதே இடத்தில், ஒரு நிமிடம் மட்டும் கழித்து எடுத்ததுதான், பூச்சுதான் வேறு. இதில் நிலவொளி வடிந்துபோயிருக்கிறது. குடிசை இருண்ட உருவமாக நிற்கிறது. ஆள் மட்டும் தலைமுதல் கால்வரை வெளிச்சத்தில் நனைந்து நிற்கிறார். உயர்த்திய கையருகே ஒளிப்பொடி அருவியாகக் கொட்டுகிறது. இது மேலே போகிறதா, கீழே வருகிறதா என்று ஒருவர் கேட்கிறார். இறங்குகிறது என்கிறார் அஸ்ரியல்; ஆனால் அதை வெளிச்சம் என்று ஒப்புக்கொள்ள மறுக்கிறார். அவர் சொல்லும் பெயர் தூசு. ஆங்கிலத்தில் பெரிய எழுத்தில் தொடங்கும் தூசு. நமக்குப் பெரிய எழுத்து கிடையாது, கொஞ்சம் அழுத்திச் சொல்லிக்கொள்ள வேண்டியதுதான்.

ஆளுக்குப் பக்கத்தில் ஒரு சிறிய உருவம் மங்கலாகத் தெரிகிறது. அது குழந்தை. அதன்மேல் ஒன்றும் கொட்டவில்லை.

முதல் தடவை படித்தபோது நான் அருவியைத்தான் பார்த்தேன். இன்று கண் அந்தக் குழந்தையை விட்டு நகர மறுக்கிறது.

*

அந்த உலகத்தில் இயற்பியலுக்குச் 'சோதனை இறையியல்' என்று பெயர். திருச்சபையைக் கேட்காமல் அங்கே அணுவும் அசையாது. மின்சாரம் என்ற சொல்லும் இல்லை, 'அன்பாரிக்' என்கிறார்கள். அது 'அன்பர்' என்ற அரபுச் சொல்லிலிருந்து வந்தது. இறுகிக் கல்லாகிப்போன மரப்பிசினான ஆம்பருக்குப் பெயர் கொடுத்த சொல். நம் உலகத்து 'எலெக்ட்ரிக்' கிரேக்க மொழியில் அதே பிசினின் பெயரிலிருந்து வந்தது. துணியில் தேய்த்த ஆம்பர் தூசையும் துரும்பையும் இழுக்கும் என்பதுதான் மின்சாரம் பற்றி மனிதர் கண்ட முதல் சேதிகளில் ஒன்று. புல்மன் சொல்லை மாற்றினார், பிசினை அப்படியே விட்டுவைத்தார். இதே கதையைத் தொடரும் மூன்றாம் நாவலின் பெயரிலேயே ஆம்பர் வருகிறது, அதுவும் தூசைப் பார்ப்பதற்காக.

இதையெல்லாம் ரசிப்பதற்கென்றே ஒரு மந்தமான பிற்பகல் வேண்டும்.

*

தூசைக் கண்டுபிடித்தவர் ருசாகோவ் என்ற மாஸ்கோக்காரர் என்று நாவல் சொல்கிறது. அதனால் ருசாகோவ் துகள். மற்ற எந்தத் துகளோடும் உறவாடாது, ஆகவே பிடிபடுவது அரிது. ஆனால் மனிதரிடம் வந்து சேரும், அதிலும் வளர்ந்தவர்களிடம்.

இதில் முதல் பாதியை நம் உலகத்திலிருந்தே எடுத்துக்கொள்ளலாம். 1930 டிசம்பரில் வுல்ஃப்காங் பவுலி ஒரு கடிதம் எழுதினார். பீட்டா சிதைவில் ஆற்றல் கணக்கு உதைத்தது. கணக்கு நேராக வேண்டுமானால் யாரும் பார்க்காத, எதோடும் ஒட்டாத ஒரு துகள் இருந்தாக வேண்டும் என்றார். அன்றைக்கு அது கற்பனைத் துகள்தான். 1956-இல் பிடிபட்டது. அதுதான் நியூட்ரினோ.

1965-இல் கோலார் தங்கவயலில், நிலத்துக்கு அடியில் 2 கிலோமீட்டருக்கும் அதிகமான ஆழத்தில், வளிமண்டலத்தில் பிறந்து வந்த நியூட்ரினோக்களின் தடம் பதிவானது. உலகில் இதை முதலில் கண்ட இரண்டு இடங்களில் அது ஒன்று, இன்னொன்று தென்னாப்பிரிக்காவில் இன்னொரு தங்கச் சுரங்கம். கோலாரில் பாறை வெட்டியவர்களில் பெரும்பாலோர் வட ஆற்காட்டுப் பக்கமிருந்து போன தமிழர்கள். அவர்கள் நெஞ்சில் வேறொரு துகள் தங்கியது: பாறைத்தூள். எதோடும் ஒட்டாத துகளைத் தேடிய அதே குழிக்குள், நுரையீரலில் ஒட்டினால் போகவே போகாத துகளும் இருந்தது. இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதிவைக்கிறேன். வேறெதுவும் செய்யத் தெரியவில்லை.

*

வெயில் தூணைப் பக்கத்திலிருந்து பார்க்கிறோம் என்று நினைக்கிறோம். பார்ப்பதில்லை.

1870 வாக்கில் லண்டன் ராயல் இன்ஸ்டிட்யூஷனில் ஜான் டிண்டல் இருட்டறைக்குள் ஓர் ஒளிக்கற்றையைப் பாய்ச்சி அதன் அடியில் ஒரு சுடரைக் காட்டினார். கற்றைக்குள் கரும்புகை போல ஏதோ சுருண்டு எழுந்தது. புகை என்றுதான் யாருக்கும் தோன்றும். ஆனால் அது சுத்தமான காற்று. சுடரில் தூசு எரிந்துபோன காற்று மேலே எழுந்திருக்கிறது. அதில் தூசு இல்லை, ஆகவே ஒளியைத் திருப்பி நம் கண்ணுக்கு அனுப்ப ஒன்றும் இல்லை, ஆகவே அது கறுப்பு. ஒளி அதன் வழியாகப் போய்க்கொண்டுதான் இருந்தது.

என் கூடத்தில் நான் பார்க்கும் தூண் முழுக்க முழுக்கத் தூசுதான். அலமாரியை நன்றாகத் துடைத்து, தரையைப் பெருக்கி, காற்றையும் கழுவ முடிந்தால் தூண் போய்விடும். மேல்தட்டில் ஒரு வெளிச்சச் சதுரம் மட்டும் மிஞ்சும்.

நம் ஊரில் இந்தத் தூணை நெடுநாளாகவே உற்றுப் பார்த்திருக்கிறார்கள். சன்னல் வெயிலில் மிதக்கும் துளிதான் கண்ணுக்குத் தெரிவதில் மிகச் சிறியது என்று வைத்து, அதற்கும் கீழே கண்ணுக்கெட்டாத பரமாணுவை ஊகித்தது வைசேடிகம். மாணிக்கவாசகர் திருவண்டப்பகுதியில், வீட்டுக்குள் நுழையும் கதிரில் மிதக்கும் நுண்தூசை அண்டங்களுக்கு உவமையாக வைத்தார். அணுவைத் தேடியவரும் அண்டத்தைத் தேடியவரும் உட்கார்ந்தது ஒரே மாதிரி சன்னலோரத்தில்.

*

அஸ்ரியலின் 'வேறு பூச்சு' என்னை இன்று வேறு பக்கம் இழுத்துக்கொண்டு போனது.

வியன்னாவின் மரியெட்டா பிளாவ் பல ஆண்டுகள் ஒளிப்படப் பூச்சோடு மல்லுக்கட்டியவர். எந்தப் பூச்சில், எந்தப் பக்குவத்தில் வைத்தால் ஒரு துகள் போன வழி கறுப்புப் புள்ளிகளாகப் பதியும் என்பது அவருடைய வேலை. 1937-இல் அவரும் ஹெர்த்தா வாம்பாகரும் இன்ஸ்ப்ருக் பக்கத்து மலையுச்சியில் சில மாதம் வைத்திருந்த தகடுகளில், விண்கதிர் வந்து மோதி ஓர் அணுக்கரு நட்சத்திரம்போல் உடைந்து சிதறிய தடம் கிடைத்தது. மறுவருடம் ஹிட்லரின் படை ஆஸ்திரியாவுக்குள் வந்தது. யூதப் பெண்ணான பிளாவ் நாட்டை விட்டுப் போனார்.

கல்கத்தாவில் விபா சௌதுரியும் தேவேந்திர மோகன் போஸும் டார்ஜிலிங்கிலும் அதற்கு மேலே சண்டக்பூவிலும் தகடுகளை வைத்தார்கள். போர்க்காலம். நல்ல தகடு கிடைக்கவில்லை. கிடைத்ததை வைத்து மீசான் என்ற துகள்களின் தடங்களை அளந்து எழுதினார்கள். 1947-இல் பிரிஸ்டலில் செசில் பவலின் குழு அதைவிட நல்ல பூச்சில் பையான் என்ற மீசானைப் பிடித்தது. 1950-இன் நோபல் பரிசு பவலுக்குப் போனது.

ஒரே மலை, ஒரே விண்கதிர். தகட்டில் என்ன பூசியிருக்கிறது என்பதைப் பொறுத்து ஒன்றும் தெரியாமலும் போகலாம், அருவியாகவும் தெரியலாம். புல்மன் இந்தப் பெண்களை நினைத்து எழுதினார் என்று நான் சொல்லவரவில்லை. என் மனத்தில் அவர்கள் அந்தக் கல்லூரி அறையின் பின்வரிசையில் வந்து உட்கார்ந்துவிட்டார்கள், அவ்வளவுதான். 2019-இல் ஒரு விண்மீனுக்கு 'பிபா' என்று விபா சௌதுரியின் பெயரை வைத்தார்கள்.

*

தூசை என்ன செய்கிறது திருச்சபை? ஆதிப்பாவத்தின் கண்கண்ட சான்று என்று தீர்ப்பெழுதுகிறது. மண்ணாயிருக்கிறாய், மண்ணுக்குத் திரும்புவாய் என்ற பொருளில் ஏதேனில் சொல்லப்பட்ட சாபத்தில் வருகிற மண்ணும் ஆங்கில வேதாகமத்தில் இதே தூசுதான். பெயர் அங்கிருந்து வந்தது. வடக்கே ஒரு நிலையம் அமைத்து, குழந்தைகளைத் திருடிக்கொண்டுபோய், தூசு படிவதற்கு முன்பாகவே டீமனை வெட்டிப் பிரிக்கிறார்கள். கறை படியாமல் காப்பாற்றுகிறார்களாம்.

ஒரு சின்னச் சந்தேகம். அகஸ்டின் கணக்கில் பிறந்த பச்சைக்குழந்தைக்கே ஆதிப்பாவம் உண்டு. அது வயதுக்கு வரும்வரை காத்திருப்பதில்லை. நம் சைவ சித்தாந்திகளின் ஆணவ மலமும் அப்படித்தான், செம்பில் களிம்புபோல் அனாதியாகவே உயிரைப் பற்றியிருப்பது. புல்மனின் திருச்சபை தன் சொந்த சாத்திரத்தையே சரியாகப் படிக்கவில்லை என்று தோன்றுகிறது. நாவலாசிரியர் வேண்டுமென்றே அப்படி வைத்தாரா, கதை ஓட்டத்தில் விட்டுவிட்டாரா? கதைக்கு அது தேவை. குழந்தையின்மேல் இல்லாமலும் பெரியவர்மேல் இருந்தும் ஆக வேண்டும். மூன்று நாவலும் அந்த வித்தியாசத்தில்தான் நிற்கின்றன.

*

இதைத் தமிழில் எப்படிச் சொல்வது? மொழிபெயர்க்கும் எண்ணமெல்லாம் இல்லை. சொல் ஒன்று மாட்டிக்கொண்டால் விடமாட்டேன், அது என் வியாதி.

தூசு என்றால் பழந்தமிழில் ஆடையும் ஆகும், அது குழப்பம். தூசி என்றால் படையின் முன்னணி. புழுதி காலுக்குக் கீழே கிடப்பது, மேலிருந்து இறங்காது. மாசு என்றால் குற்றம் முன்னால் வந்து நின்றுகொள்கிறது, பொன்னிறம் வராது.

துகள். அகராதியைத் திறந்தேன். புழுதி. பூந்தாது. குற்றம். மூன்றும் அந்த ஒரே சொல்லுக்கு. பாடநூல் எழுதியவர்கள் நாலாவதாகப் 'பார்ட்டிகிள்' என்பதையும் அதன் தலையில் வைத்தார்கள்.

அகராதியை மூடாமல் மடியில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். புழுதி, குற்றம், இயற்பியல் துகள், மூன்றும் முதல் நாவலிலேயே வந்துவிட்டன. பூந்தாது எங்கே என்று யோசித்தேன். அதுவும் இருக்கிறது. மூன்றாம் நாவலில்.

சீர்காழிச் சிற்றம்பல நாடிகள் எழுதிய சாத்திர நூல் ஒன்றுக்குத் 'துகளறு போதம்' என்று பெயர். குற்றம் அற்ற ஞானம். புல்மனின் உலகத்தில் இந்தத் தலைப்பு செல்லாது. அங்கே துகள் அற்றால் போதமும் அறும்.

*

இரண்டாம் நாவலான 'த சட்டில் நைஃப்' 1997-இல் வந்தது. அதில் கதை நம் ஆக்ஸ்போர்டுக்கு வருகிறது. மேரி மலோன் என்ற இயற்பியலாளர், ஒரு காலத்தில் கன்னியாஸ்திரி, கரும்பொருளை ஆராய்கிறார். அவருடைய கருவியில் ஒரு துகள் சிக்குகிறது. 'நிழல்' என்று பெயர் வைக்கிறார். யானைத் தந்தத்தை வெறும் துண்டாக வைத்தால் நிழல் அண்டுவதில்லை. அதையே சதுரங்கக் காயாகச் செதுக்கி வைத்தால் மொய்க்கிறது. பழைய மண்டையோடுகளை வைத்துப் பார்க்கிறார்கள். ஏறக்குறைய முப்பது நாற்பதாயிரம் ஆண்டுக்கு இந்தப் பக்கம் உள்ளவற்றில் நிழல் உண்டு, அந்தப் பக்கம் இல்லை.

மூன்று நாவலிலும் எனக்கு மிகப் பிடித்த சோதனை இதுதான். போர், தேவதூதர், கவசக் கரடி எல்லாம் பிறகு. ஒரு தந்தத் துண்டும் ஒரு சதுரங்கக் காயும். வேதியியல் ஒன்றுதான். ஒன்றின்மேல் ஒருவர் மெனக்கெட்டிருக்கிறார்.

அலமாரியைப் பார்க்கிறேன். அம்மாவின் பாக்குவெட்டி, பிடி தேய்ந்தது. மேரியின் கருவி இருந்தால் அதை முதலில் வைத்துப் பார்ப்பேன்.

*

சிறு குறிப்பு, மறந்துபோவதற்குள்.

'ஃபோட்டான்' என்ற பெயரை இயற்பியலில் பரவச் செய்தவர் கில்பர்ட் லூயிஸ், கலிபோர்னியாவில் பெர்க்லியின் வேதியியலாளர், 1926 டிசம்பரில் 'நேச்சர்' இதழில் வெளிவந்த கடிதத்தில். அவர் மனத்தில் இருந்தது இன்று நாம் சொல்லும் ஃபோட்டான் இல்லை. ஆக்கவும் முடியாத, அழிக்கவும் முடியாத ஒரு புதிய வகை அணு. தன் காலத்தில் மிகக் கொஞ்சத்தை மட்டும் ஒளியைச் சுமப்பதில் செலவழிக்கும், மீதி நேரம் அணுக்களுக்குள் குடியிருக்கும் என்றார். அப்படி ஒன்று கிடையாது. விளக்கைப் போட்டால் ஃபோட்டான் பிறக்கிறது, சுவரில் பட்டால் மறைகிறது, கணக்கு வைத்துக் காப்பாற்றப்படுவதில்லை. லூயிஸின் துகள் போய்விட்டது. ஐன்ஸ்டைன் 1905-இல் சொன்ன ஒளித்துளிக்கு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. இன்று பள்ளிப்பிள்ளைகள் சொல்வது ஓர் இல்லாத துகளுக்கு வைத்த பெயரை.

ருசாகோவைக் கற்பனை என்று கொஞ்சம் உயரத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன். கொஞ்சம் இறங்கி உட்கார வேண்டியதாயிற்று.

*

பூந்தாது.

'த ஆம்பர் ஸ்பைகிளாஸ்', 2000. மேரி வேறோர் உலகத்துக்குப் போகிறார். அங்கே முலேஃபா என்ற சனங்கள், பெரிய மரங்களின் வட்டமான விதைக்கூடுகளைக் காலில் சக்கரமாக மாட்டிக்கொண்டு ஓடுபவர்கள். தூசை அவர்கள் 'ஸ்ராஃப்' என்கிறார்கள். வெறுங்கண்ணாலேயே அவர்களுக்குத் தெரிகிறது. மேரிக்குத் தெரியவில்லை. மரப்பாலைக் காய்ச்சிப் பூச்சுமேல் பூச்சாக ஏற்றி இரண்டு தகடு செய்கிறார். கொஞ்சம் இடைவெளி விட்டு வைத்துப் பார்க்கிறார், தெரியவில்லை. தற்செயலாக விதைக்கூட்டின் எண்ணெய் தகட்டில் பட்ட பிறகு பார்க்கிறார். முலேஃபாக்களைச் சுற்றிப் பொன்துளிகள் மிதக்கின்றன. அரும்பாடுபட்ட பூச்சு வேலையில் கடைசியில் கைப்பிசுக்கு வந்து உதவுகிறது. ஆய்வுக்கூடம் பார்த்தவர்கள் இந்த இடத்தில் சிரிப்பார்கள்.

மரங்கள் செத்துக்கொண்டிருக்கின்றன. ஏன் என்று பார்க்க மேரி உச்சிக்கிளையில் ஏறுகிறார். முன்பெல்லாம் ஸ்ராஃப் நேராக மழைபோல் இறங்கி, அண்ணாந்து விரிந்த பூக்களில் விழுந்து, அதில்தான் காய் பிடித்திருக்கிறது. இப்போது அது இறங்குவதில்லை. குறுக்கே ஓடிக் கடல்பக்கம் போய்க்கொண்டிருக்கிறது. உலகங்களுக்கு நடுவே மனிதர் ஒரு கத்தியால் அறுத்துத் திறந்து, மூடாமல் விட்ட சன்னல்கள் வழியாக வெளியே கசிகிறது.

திருச்சபை பாவம் என்று சொன்னது, இங்கே மரத்துக்குச் சூல் கொடுக்கும் பொடி. நம் அகராதியில் ஒரே பதிவில் அடுத்தடுத்து நிற்கும் குற்றமும் பூந்தாதுவும் புல்மனிடம் இரண்டு நாவல் தூரத்தில் இருக்கின்றன. அந்த இரண்டு நாவல் தூரத்தை நடப்பதுதான் லைராவின் கதை என்று இன்று படித்துக்கொண்டேன். அடுத்த தடவை வேறு மாதிரி படிக்கலாம்.

*

முடிவு கடினமானது. கசிவை நிறுத்த எல்லாச் சன்னலையும் மூட வேண்டும். லைரா அந்த உலகத்தாள், அவள் காதலிக்கும் வில் நம் உலகத்தான். அவரவர் உலகத்தில் அல்லாமல் வேறெங்கும் நெடுநாள் உயிர்வாழ முடியாது. ஒரே ஒரு சன்னலைத் திறந்து வைக்கலாம், அதன் வழியே போகும் தூசை உயிரோடு இருப்பவர்கள் சிந்தித்தும் கற்றும் கற்பித்தும் ஈடுகட்டிவிடலாம் என்கிறார்கள். அந்த ஒன்றை இருவரும் செத்தவர்களுக்குக் கொடுக்கிறார்கள், பாதாளத்திலிருந்து அவர்கள் வெளியே வந்து காற்றில் கரைவதற்காக. தங்களுக்கு வைத்துக்கொள்ளவில்லை.

இந்த இடத்தைச் சிலர் கொடுமை என்கிறார்கள். ஆசிரியர் விதியை வேண்டுமென்றே இறுக்கிவிட்டார், ஒரு சன்னல் இருக்கலாம் என்றால் இரண்டு ஏன் கூடாது என்று கேட்கிறார்கள். எனக்கும் அந்தக் கேள்வி உண்டு. துகளின் இயற்பியலை எழுதியவரே துகளின் வரவுசெலவையும் எழுதுகிறார், யாரிடம் போய்த் தணிக்கை கேட்பது? ஆனாலும் இருவரும் பிரியும் பக்கத்தில் அந்தக் கேள்வி எனக்கு எழவே இல்லை. புத்தகத்தை மூடி, முகம் கழுவி, காபி குடித்த பிறகுதான் எழுந்தது.

*

நாலரை. தூண் சுவரேறிப் போய்விட்டது. கூடத்தில் தூசு முன்பிருந்த அளவே மிதந்துகொண்டிருக்கும். தெரியவில்லை.

பிரியும்போது லைராவும் வில்லும் ஓர் ஏற்பாடு செய்துகொள்கிறார்கள். ஆக்ஸ்போர்டு தாவரவியல் பூங்கா இரண்டு உலகத்திலும் இருக்கிறது. அதன் பின்பக்கத்தில் ஒரு மரப் பெஞ்சு இருக்கிறது. வருடத்துக்கு ஒருமுறை, நடுக்கோடை நாளின் உச்சிப்பொழுதில், அவள் அவளுடைய உலகத்துப் பெஞ்சிலும் அவன் அவனுடைய உலகத்துப் பெஞ்சிலும் ஒரு மணி நேரம் வந்து உட்கார வேண்டும்.

அந்தப் பூங்கா 1621-இல் தொடங்கியது. பெஞ்சும் அங்கே இருக்கிறது. படித்துவிட்டுத் தேடி வருகிறவர்கள் அதன் கட்டையில் லைரா, வில் என்று இரண்டு பெயரையும் கீறி வைத்திருக்கிறார்கள்.